நாற்பதடி பிலிமில் ஒரு பாலம்: 1896-ஆம் ஆண்டு முறையில் நகரத்தைப் படம்பிடிக்க முழுமையான வழிகாட்டி

1888 அக்டோபரில் லூயி லெ பிரின்ஸ் தன் ஒற்றை லென்ஸ் கேமராவை இங்கிலாந்தின் லீட்ஸ் பாலத்தை ஒட்டியிருந்த ஹிக்ஸ் இரும்புக்கடையின் ஜன்னலில் வைத்துச் சுற்றினார். அதில் இன்று மிஞ்சியிருப்பவை ஏறக்குறைய இருபது பிரேம்கள். ஓட்டிப் பார்த்தால் இரண்டு வினாடிகூட வராது. 1890-இல் வேர்ட்ஸ்வொர்த் டோனிஸ்தோர்ப்பும் வில்லியம் கிராஃப்ட்ஸும் லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்தை எடுத்தார்கள். மிச்சம் பத்து பிரேம். 1896 ஜூலையில் ராபர்ட் பால் லண்டன் பிளாக்ஃபிரையர்ஸ் பாலத்தின் தென்முனையில் கேமராவை நிறுத்தி, வடக்கு நோக்கி, தன் எதிரே வந்த குதிரை வண்டிகளையும் தொப்பிக்காரர்களையும் பிடித்தார்.

மூன்றில் இரண்டு பாலங்கள். அழகுக்காக மட்டும் பாலத்துக்குப் போனார்கள் என்று நினைக்க வேண்டாம். அன்றைய பிலிமும் லென்ஸும் கைப்பிடியும் சேர்ந்து ஆளைப் பாலத்துக்குத் தள்ளின. எப்படித் தள்ளின என்பது கீழே வரும் கணக்குகளில் தெரியும். கையால் சுற்றும் 35 மி.மீ. கேமரா கிடைத்து அதே முறையில் எடுக்க விரும்புபவருக்கும், பழைய துண்டுப் படங்களைப் பார்த்து 'ஏன் இப்படி இருக்கிறது' என்று யோசிப்பவருக்கும் இந்தக் கணக்குகள் ஒன்றுதான்.

முதலில் பிலிம்

35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம். ஒரு பிரேம் சுமார் 24 மி.மீ. அகலம், 18 மி.மீ. உயரம். 40 அடிச் சுருள் என்றால் 640 பிரேம்; வினாடிக்கு 16 வீதம் சுற்றினால் 40 வினாடி. 75 அடிச் சுருள் 75 வினாடி. பிரான்ஸின் லூமியேர் சகோதரர்களுடைய 17 மீட்டர் சுருளும் ஐம்பது வினாடியைச் சுற்றித்தான் ஓடும். பிலிமை மாட்டும்போது வெளிச்சம் பட்டு வீணாகும் இரண்டு மூன்று அடியையும், கடைசியில் கவ்விக்கொண்டிருக்கும் ஒன்றிரண்டு அடியையும் கழித்துவிடுங்கள். 40 அடியில் கையில் நிற்பது 35 வினாடி. திட்டம் எல்லாம் அந்த 35-க்குள்.

பிளேர், ஈஸ்ட்மன் கம்பெனிகளிடமிருந்து வந்த பிலிமில் அன்று பெரும்பாலும் துளை இருக்காது; வாங்கியவரே இருட்டறையில் துளையிடும் கருவியில் போட்டு ஓரம் முழுக்கக் குத்த வேண்டும். எடிசன் முறையில் ஒரு பிரேமுக்குப் பக்கத்துக்கு நான்கு துளை. லூமியேர் முறையில் பக்கத்துக்கு ஒரே ஒரு வட்டத் துளை. ஒன்றுக்குக் குத்திய பிலிம் மற்றதில் ஓடாது. துளைகளின் இடைவெளி மயிரிழை மாறினாலும் திரையில் படம் மேலும் கீழும் குதிக்கும். இருபது துளைக்கு ஒருமுறை நிறுத்தி, அளவுகோலாக வைத்திருக்கும் நல்ல பிலிம் துண்டின் மேல் வைத்துப் பாருங்கள். அறுநூறு பிரேமும் குத்தி முடித்த பிறகு தவறைக் கண்டுபிடித்தால் அந்தச் சுருள் குப்பைக்குத்தான்.

வறண்ட நாளில் பிலிமை வேகமாக உருவாதீர்கள். உராய்வில் பிறக்கும் மின்பொறி பிலிமில் பதியும். டெவலப் செய்த பிறகு வேர் விட்டது போன்ற மின்னல் கோடுகளாகத் தெரியும். அதை அழிக்க வழியே இல்லை.

ஓர் எச்சரிக்கை. அன்றைய நைட்ரேட் பிலிம் தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றி அணைக்க முடியாது. எரிவதற்கான ஆக்சிஜனைத் தனக்குள்ளேயே வைத்திருக்கிறது. பழைய முறை என்றாலும் இன்று அசிடேட் பிலிமில்தான் எடுக்க வேண்டும். பழைய நைட்ரேட் சுருள் கைக்கு வந்தால் ஓட்டிப் பார்க்காமல் ஆவணக் காப்பகத்தில் ஒப்படையுங்கள்.

இடம் தேர்வு: பாதி வேலை இங்கேதான்

சுமார் 50 மி.மீ. குவியத் தூரமுள்ள லென்ஸை வைத்துக்கொள்வோம். 24 × 18 பிரேமில் அது பார்ப்பது குறுகலான பரப்பு. இன்றைய பெரிய டிஜிட்டல் கேமராவில் 75 மி.மீ. லென்ஸ் காட்டும் அளவு. கணக்கு எளிது. கேமரா நிற்கும் தூரத்தில் பாதிக்குக் கொஞ்சம் குறைவு அகலம். மூன்றில் ஒரு பங்குக்குச் சற்று மேல் உயரம். 30 மீட்டர் தள்ளி நின்றால் 14 மீட்டர் அகலமும் 11 மீட்டர் உயரமும் பிரேமுக்குள் வரும்.

இதை வைத்து லண்டனின் வெஸ்ட்மின்ஸ்டர் மணிக்கூண்டை (பிக் பென்) அளந்து பாருங்கள். உயரம் 96 மீட்டர். பிரேமின் அடிவிளிம்பிலிருந்து மேல்விளிம்பு வரை அது நிறைய வேண்டுமானால் 267 மீட்டர் தள்ளிப் போக வேண்டும். அதுவும் கேமராவை அண்ணாந்து சாய்த்தால்தான். சாய்த்தால் கோபுரத்தின் இரு பக்கமும் உச்சியை நோக்கிக் குவிந்து, கட்டடம் பின்னால் விழப்போவது போலத் தெரியும். சாய்க்காமல் மட்டமாக வைத்தால் அடிவானம் பிரேமின் நடுவில் வந்துவிடும். கீழ்ப்பாதி முழுக்கச் சாலை, கோபுரத்துக்கு மேல்பாதிதான் மிச்சம். அப்போது தேவைப்படும் தூரம் 525 மீட்டர். அவ்வளவு தள்ளிப் போனால் மனிதர்கள் எறும்பாகிவிடுவார்கள்.

லண்டனின் பழைய மையமான சிட்டி பகுதியின் குறுகிய தெருக்களில் பின்வாங்கவே இடம் கிடையாது. ஃபிளீட் தெருப் பக்கமிருந்து செயின்ட் பால் தேவாலயத்தைப் பிடிக்கப் போனால் லட்கேட் ஹில்லில் ரயில் பாலம் குறுக்கே நின்று மறைத்தது. தெருவின் இரு பக்கக் கட்டட நிழலும் சேர்ந்து, நடுப்பகலில்கூடப் பாதிச் சாலை இருட்டு.

பாலத்தில் இந்தத் தொல்லை எதுவும் இல்லை. நிழல் விழக் கட்டடம் இல்லை. பின்வாங்க நீளம் இருக்கிறது. ஆற்றின் வெளிச்சம் கீழிருந்தும் அடிக்கிறது. எல்லாவற்றையும்விட முக்கியம், வண்டிகள் கேமராவை நோக்கி ஒரே பாதையில் வந்தாக வேண்டும். ஆகவே நகரச் சின்னத்தைப் பின்னணியில் வையுங்கள். எதிரே வரும் போக்குவரத்தைப் பாத்திரமாக்குங்கள். சின்னம் தான்பாட்டுக்கு நிற்கும். 35 வினாடி பார்க்க வைப்பது அதற்கு முன்னால் நகருவதுதான்.

எதிரே வருவது ஏன் அவ்வளவு முக்கியம் என்பதற்கு ஒரு கணக்கு. வினாடிக்கு 16 பிரேம், அரை வட்டத் திறப்புள்ள ஷட்டர் (சுழன்று ஒளியை விட்டுவிட்டு மறைக்கும் தகடு) என்றால் ஒவ்வொரு பிரேமுக்கும் ஒளி விழும் நேரம் 1/32 வினாடி. மணிக்கு 12 கி.மீ. வேகத்தில் ஓடும் குதிரை வண்டி அந்த நேரத்தில் 10 செ.மீ. நகர்ந்துவிடும். பத்து மீட்டர் தூரத்தில் அது குறுக்கே போனால் பிலிமில் அரை மில்லிமீட்டர் இழுவை; திரை அகலத்தில் இரண்டு சதவீதம். குதிரையின் முகம் பூசிவிட்டது போல இருக்கும். அதே வண்டி 30 மீட்டருக்கு அப்பால் போனால் இழுவை மூன்றில் ஒன்றாகும். கேமராவை நோக்கி நேராக வந்தால் ஏறக்குறைய இல்லாமலே போகும். நேருக்கு நேரும் வேண்டாம், குறுக்கேயும் வேண்டாம். நடைபாதை ஓரத்தில் நின்று வண்டிகள் மூலைவாட்டில் வரும்படி வைப்பது சரியான சமரசம். தூரத்தில் சிறியதாகத் தோன்றி, பெரிதாகி, பிரேமின் ஓரத்தில் வெளியேறும். பழைய படங்களில் திரும்பத் திரும்ப வரும் அந்த மூலைவாட்டு இழை இப்படிப் பிறந்ததுதான்.

முடிந்தால் மாடி ஜன்னல். லெ பிரின்ஸ் செய்தது இதைத்தான். உயரத்திலிருந்து பார்க்கும்போது முன்னால் நடப்பவர் பின்னால் வரும் வண்டியை மறைக்கமாட்டார். கேமராவை முறைக்கும் கூட்டமும் சேராது.

வெளிச்சம்

அன்றைய பிலிம் நீல ஒளியையே கண்டது. சிவப்பு அதற்கு இருட்டு. அதனால்தான் சிவப்பு விளக்கு வைத்துக்கொண்டு இருட்டறையில் வேலை பார்க்க முடிந்தது. வெளியே இதன் விளைவுகள் விசித்திரமானவை. நீல வானம் வெறும் வெள்ளையாகும், மேகம் தெரியாது. செங்கல் கட்டடம் கரிய பாளமாகும். போர்ட்லண்ட் வெண்கல் கட்டடம் வானத்தோடு கரைந்து விளிம்பை இழக்கும். 1897 ஜூன் 22 அன்று விக்டோரியா மகாராணியின் வைர விழா ஊர்வலத்தில் செக்கச்செவேல் என்று அணிவகுத்த சிப்பாய்கள் பிலிமில் கருப்புச் சட்டைக்காரர்களாகத்தான் பதிந்திருக்கிறார்கள். ஆகவே வெளிர்நிறக் கட்டடத்தை எடுப்பதாக இருந்தால் அதன் ஒரு பக்கமாவது நிழலில் இருக்கும் நேரத்தைத் தேர்ந்தெடுங்கள், விளிம்பு பிழைக்கும்.

சூரியன் உங்கள் முதுகுக்குப் பின்னால், கொஞ்சம் தோள் ஓரமாக இருக்கட்டும். ராபர்ட் பால் தென்முனையில் நின்று வடக்கே பார்த்ததைக் கவனியுங்கள். லண்டனில் நடுப்பகல் சூரியன் எப்போதும் தெற்கில்தான். பிளாக்ஃபிரையர்ஸ் பாலம் ஏறக்குறைய தெற்கு வடக்காகக் கிடப்பதால், நடுப்பகலில் அங்கே கேமராவின் முதுகில் வெயில், எதிரே வரும் முகங்களில் வெளிச்சம். எதிர்முனையில் நின்றிருந்தால் எல்லாரும் நிழலுருவங்கள். கோடையில் காலை பத்து மணி முதல் பிற்பகல் மூன்று வரை வேலை ஓடும். நவம்பரில் லண்டன் பனியும் கரிப்புகையும் சேர்ந்துவிட்டால் கேமராவைப் பெட்டியிலேயே வைத்திருப்பது புத்திசாலித்தனம்.

அளவு வேண்டுமென்றால்: இன்றைய கணக்கில் ஐ.எஸ்.ஓ. 8 வேகமுள்ள மெதுவான பிலிம், நல்ல வெயில், 1/32 வினாடி என்றால் லென்ஸ் துவாரம் எஃப் 8. மேகம் மூடினால் எஃப் 4 வரை திறக்க வேண்டும். அதற்கு மேல் இருட்டினால் கைப்பிடியை மெதுவாகச் சுற்றி ஈடுகட்டலாம். வினாடிக்கு 12 பிரேம் என்று எடுத்து 16-இல் ஓட்டினால் எல்லாரும் ஓட்டமும் நடையுமாகத் தெரிவார்கள்.

பிரேமும் ஃபோகஸும்

படம் ஓடும்போது பார்க்க ஜன்னல் இல்லாத கேமரா இது. பார்ப்பதெல்லாம் சுற்றுவதற்கு முன்பே. பின் கதவைத் திறந்து, பிலிம் ஓடும் வாசலில் மங்கலான ஒரு பிலிம் துண்டை வைத்து, தலைமேல் கருப்புத் துணி போர்த்திக்கொண்டு பாருங்கள். தலைகீழாக, இடம் வலம் மாறி, தபால்தலை அளவில் உலகம் தெரியும். கண் பழகக் கால் மணி நேரம் ஆகும்.

எஃப் 8-இல் பத்து மீட்டருக்கு ஃபோகஸ் வைத்தால் ஐந்து மீட்டரிலிருந்து கண்ணுக்கெட்டும் தூரம் வரை தெளிவு. எஃப் 4-க்குத் திறந்தால் இருபது மீட்டருக்கு வையுங்கள். பத்து மீட்டருக்கு உள்ளே வருபவர்கள் மங்குவார்கள். தரையில் பிரேமின் இரு ஓரங்களையும் சுண்ணாம்புக் கட்டியால் குறித்துவைத்தால், சுற்றும்போது யார் உள்ளே யார் வெளியே என்று வெறும் கண்ணால் தெரியும். பிறகு துண்டை எடுத்துவிட்டு, பிலிமை மாட்டி, கதவைச் சாத்துங்கள். இனி ஸ்டாண்டில் இடித்துவிட்டால் எல்லாம் முதலிலிருந்து.

சுற்றுதல்

லூமியேர் கேமராவில் ஒரு சுற்றுக்கு 8 பிரேம். வினாடிக்கு இரண்டு சுற்று. 35 வினாடிக்கு எழுபது சுற்று. புதிதாகச் சுற்றுபவர் தொடக்கத்தில் வேகமாகவும் இருபது வினாடிக்குப் பிறகு கை சோர்ந்து மெதுவாகவும் சுற்றுவார். பிரேமுக்கு விழும் ஒளி இதோடு மாறும்; படம் போகப் போக வெளுத்துக்கொண்டே வரும். பிலிம் இல்லாமல், வினாடிமுள் உள்ள கடிகாரத்தைப் பார்த்து, ஒரு வாரம் தினமும் பழகுங்கள். தோளிலிருந்து சுற்றினால் கேமரா ஆடும். மணிக்கட்டும் முழங்கையும் மட்டும் அசையட்டும். இடது கையைக் கேமராவின் மேல் அழுத்தி வையுங்கள். முக்காலியின் நடுவில் கல்லோ மணல்மூட்டையோ தொங்கவிட்டால் நடுக்கம் பாதி குறையும். பாலத்தில் கனமான வண்டி கடக்கும்போது தரையே அதிரும். பாலத்தின் நடுவைத் தவிர்த்துக் கரைமுனையில் நிற்பதற்கு இது இன்னொரு காரணம்.

எப்போது தொடங்குவது? ஒரு பேருந்து வண்டி தூரத்தில் தெரிந்ததும். இரண்டு குதிரை பூட்டிய மாடி பஸ் முப்பது வினாடிக்குள் கேமராவைக் கடந்துவிடும். படத்துக்கு ஒரு தொடக்கமும் முடிவும் தானாகக் கிடைக்கும். வண்டிச் சக்கரத்தின் ஆரக்கால்கள் திரையில் பின்னோக்கிச் சுற்றினால் பதற வேண்டாம். இரண்டு பிரேமுக்கு நடுவே ஓர் ஆரக்கால் அடுத்ததன் இடத்தை எட்டாமல் சற்றுப் பின்தங்கி நின்றுவிடுகிறது; கண் அதைப் பின்னே போனதாக எடுத்துக்கொள்கிறது.

சிறுவர்கள் வந்து லென்ஸுக்கு முன்னால் நிற்பார்கள். விரட்டினால் இன்னும் பத்துப் பேர் வருவார்கள். பிலிம் மாட்டாமல் சும்மா இரண்டு தடவை சுற்றிக் காட்டிவிடுங்கள், சலித்துப் போய்விடுவார்கள். ஓரிருவர் திரும்பிப் பார்த்துக்கொண்டே நடப்பதைக் கெடுதி என்று நான் சொல்லமாட்டேன். நூறாண்டு கடந்து வரும் அந்த ஒரு பார்வைக்காகவே பழைய படத்தை இரண்டாம் முறை ஓட்டுபவர்கள் உண்டு.

கேமராவைத் திருப்ப ஆசைப்பட்டால், 1897 ஊர்வலத்துக்காக ராபர்ட் பால் செய்த பற்சக்கரத் தலை போன்ற ஒன்று முக்காலிக்கு வேண்டும். ஒரு கை பிலிமைச் சுற்ற, மறு கை கேமராவைத் திருப்பும். ஒரு பொருள் பிரேமைக் கடக்கப் பத்து வினாடியாவது எடுக்கட்டும். அதைவிட வேகமாகத் திருப்பினால் கட்டடங்கள் துடிக்கும். கைகள் ஒன்றின் தாளத்தை மற்றது பிடித்துக்கொள்ளும், அதுதான் கஷ்டம். படகிலோ ரயிலின் முன்னாலோ கேமராவை வைத்துவிட்டால் இந்தச் சிரமம் இல்லை. லூமியேரின் ஆள் அலெக்சாந்தர் புரோமியோ 1896-இல் வெனிஸ் கால்வாயில் கொண்டோலாப் படகிலிருந்து எடுத்தது அப்படித்தான்.

டெவலப்

40 அடி என்பது 12.2 மீட்டர். ஒன்றரை மீட்டர் சுற்றளவுள்ள மர உருளையில், மருந்து பூசிய பக்கம் வெளியே தெரிய, சுருள் சுருளாகச் சுற்றினால் எட்டுச் சுற்றுக்குச் சற்று மேல் வரும். ஒரு சுற்று அடுத்ததைத் தொடக்கூடாது. தொட்ட இடத்தில் மருந்து ஏறாமல் திட்டு விழும். உருளையின் அடிப்பாகம் தொட்டியிலுள்ள கரைசலில் முங்கியிருக்க, நிறுத்தாமல் சுற்றுங்கள். நிறுத்தினால் அந்த இடத்தில் கோடு.

அந்தக் காலத்தில் ஹைட்ரோகுயினோன், மெட்டால், பைரோ ஆகியவை புழக்கத்தில் இருந்த டெவலப்பர்கள். வெப்பம் 18 டிகிரியைச் சுற்றி இருக்கட்டும். சூடேறினால் ஜெலட்டின் இளகி உரியும். பிறகு கழுவி, ஒரு லிட்டருக்கு 250 கிராம் ஹைப்போ (படத்தை நிலைநிறுத்தும் உப்பு) கரைசலில், பால்நிறம் முழுதும் போய் அதற்கு மேலும் அதே அளவு நேரம் வையுங்கள். ஓடும் தண்ணீரில் அரை மணி நேரம். கழுவலில் அவசரப்பட்டால் சில வருடத்தில் பழுப்புக் கறை ஏறும். கடைசியாகக் கொஞ்சம் கிளிசரின் கலந்த தண்ணீரில் முக்கினால் காய்ந்தபின் நொறுங்காது. பிலிம் ஈரத்தில் நீளும், காயும்போது சுருங்கும். காய வைக்கும் உருளையில் இறுக்கிக் கட்டினால் இரவில் எங்கோ ஓரிடத்தில் அறுந்திருக்கும். ஒரு முனையை ரப்பர் பட்டையில் மாட்டுங்கள்.

பிரிண்ட்

லூமியேர் கேமராவின் கெட்டிக்காரத்தனம் இங்கே. நெகட்டிவையும் புது பாசிட்டிவ் பிலிமையும் மருந்துப் பக்கங்கள் முகம் பார்க்க ஒன்றாக மாட்டி, வெயில் விழும் வெள்ளைச் சுவரை நோக்கிக் கேமராவைத் திருப்பிச் சுற்றினால் அதுவே பிரிண்ட் எந்திரம். முதலில் ஓரடித் துண்டு போட்டு டெவலப் செய்து பாருங்கள். கருத்தால் வேகமாகச் சுற்று, வெளுத்தால் மெதுவாகச் சுற்று. நடுவில் மேகம் வந்து சுவர் மங்கினால் பிரிண்டிலும் திடீர் இருட்டு விழும்.

டப்பாவின் மேல்

சுருளைத் தகர டப்பாவில் போடுவதற்கு முன், தேதி, மணி, கேமரா நின்ற இடம், பார்த்த திசை, பிலிமின் நீளம் ஐந்தையும் காகிதத்தில் எழுதி ஒட்டுங்கள். முக்கியமாகத் திசை. தேதி தொலைந்துபோனால் பின்னால் வருபவருக்குக் கட்டடங்கள்தான் சாட்சி. டவர் பாலம் முழுதாக நிற்கிறதென்றால் 1894-க்குப் பிந்தியது. லண்டன் பாலம் அகலப்படுத்தப்படாமல் இருந்தால் 1902-க்கு முந்தியது. பிளாக்ஃபிரையர்ஸ் பாலத்தின் மேற்குப் பக்கம் டிராமுக்காக விரிந்திருந்தால் 1910-ஐ ஒட்டியது அல்லது அதற்குப் பிந்தியது. வருடத்தை இப்படி வளைத்துப் பிடிக்கலாம். ஊரே மாறிப்போனால்?

வார்விக் டிரேடிங் கம்பெனி 1899-இல் கங்கையிலிருந்து பார்த்த கல்கத்தா என்று பெயரிட்டு ஒரு படத்தை விற்றது. படகு மெல்ல நகர, கரையில் படிகள், படிகளில் குளிப்பவர்கள், மேலே கோபுரங்கள். தெரிந்தவர் ஒருமுறை பார்த்தாலே போதும், அந்தப் படித்துறைகள் காசியுடையவை.